சார் ரிட்டயர் ஆகட்டும்

நான் எப்போது ரிட்டயர் ஆவேன் என்று என்னைவிட, என் மனைவி ராபியாவைவிட ஆவலாகக் காத்திருந்தது மஞ்சக்கல் எஸ்டேட்தான்.

நீலகிரியில் எமரால்டிலிருந்து மேலே ஏறினால், தேயிலைக்கும் மேகத்துக்கும் நடுவில் ஒட்டிக்கொண்டிருக்கும் இடம் அது. அங்கே அரசு உயர்நிலைப் பள்ளியில் நான் தலைமை ஆசிரியர். பனி இறங்கிவிட்டால் கரும்பலகை தெரியாது, சாக்பீஸ் தெரியாது, சாக்பீஸைப் பிடித்த கையும் தெரியாது. ஒருமுறை பனி விலகியபோது நான் பக்கத்து வகுப்பில் நின்று பாடம் நடத்திக்கொண்டிருந்தேன். அந்த வகுப்பு டீச்சர் மாலதி மரியாதையாகக் கைகட்டி ஓரமாக நின்றிருந்தாள். நம்பாதவர்கள் டிசம்பரில் வந்து பார்க்கலாம்.

நான் ரிட்டயர் ஆவதற்கு இரண்டு வருஷம் முந்தி ஓர் உத்தரவு வந்தது. பிள்ளைகள் குறைவாக இருப்பதால் ஒன்பதாம் வகுப்பும் பத்தாம் வகுப்பும் மஞ்சக்கல்லில் இனி இல்லை, மலைக்குக் கீழே கீழ்ச்சோலைப் பள்ளியோடு சேர்க்கப்படும். எங்களுக்கு எட்டோடு சரி. போர்டில் மட்டும் உயர்நிலைப் பள்ளி என்று இருக்கும்.

கீழ்ச்சோலைக்குக் காலையில் ஒரு பஸ். அது வந்தால் வரும். வராவிட்டால் சோலைக்காட்டு வழியே நடக்க வேண்டும். அந்த வழியில் காட்டெருமைகள் ரேஷன் கடைக்கு நிற்பது மாதிரி நிற்கும்.

பெற்றோரைக் கூட்டி உத்தரவைப் படித்தேன். ஊரே கொந்தளிக்கும் என்று நினைத்து, யாராவது மயங்கினால் தெளிக்க மேசைமேல் தண்ணீர் வைத்திருந்தேன். ஒரு சத்தம் இல்லை. டீக்கடை நாச்சிமுத்து மெதுவாக எழுந்தார். எஸ்டேட்டில் எந்தப் பேச்சானாலும் முதல் வாய் அவருடையதுதான்.

“ஏனுங்க சார், உங்களுக்கு எப்போங்க ரிட்டயர்மென்ட்?”

“இன்னும் ரெண்டு வருஷம். ஏன்?”

அவர் திரும்பிக் கூட்டத்தைப் பார்த்தார். “கேட்டுக்கிட்டீங்கல்ல?” என்றார். எல்லோரும் தலையாட்டிவிட்டு, சம்பளம் வாங்கிய நாள் மாதிரி நிம்மதியாகக் கலைந்து போனார்கள். நான் தண்ணீரை நானே குடித்தேன்.

அதிலிருந்து எங்கே போனாலும் இதே கேள்வி. கொழுந்து எடை போடும் இடத்தில் கேட்பார்கள், பஸ்ஸில் கேட்பார்கள். ஒருநாள் ஊட்டி மார்க்கெட்டில் முள்ளங்கி மூட்டைக்குப் பின்னாலிருந்து ஒரு தலை எழுந்து, “சார், இன்னும் எத்தனை மாசம்?” என்றது. ஊட்டிக்குள்ளேயே காந்தலில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்து புலம்பினேன்.

“உங்க மூஞ்சியைப் பாத்துப் பாத்து அந்த ஊருக்கே சலிச்சிருக்கும்” என்றாள் ராபியா. “எனக்கு வேற வழியில்லை. அவங்களுக்கு இருக்கு.”

நான் உத்தரவு படித்த கூட்டத்தில் பேச்சியும் இருந்தாள். எஸ்டேட்டில் கொழுந்து எடுப்பவள். இரண்டு பெண்கள். மூத்தவள் பூவரசி அப்போதுதான் எட்டு முடித்திருந்தாள். இளையவள் கலைமதி ஆறாவது சேர வேண்டியவள். பூவரசி கீழ்ச்சோலைக்குப் போனாள், மழை பிடிக்கும்வரை. ஒருநாள் பஸ் வரவில்லை. நடந்தாள். வழியில் காட்டெருமை நின்றது. அது நகரவில்லை, இவளும் நகரவில்லை. மத்தியானம் வரை அப்படியே நின்றுவிட்டு வீட்டுக்குத் திரும்பினாள். மறுநாளிலிருந்து பள்ளிக்கூடம் போகவில்லை. இதில் நான் ஒரு எழுத்துகூடக் கூட்டவில்லை.

என் கடைசி நாள் வந்தது. அப்படி ஒரு பிரிவுபசார விழாவை நீலகிரி பார்த்திருக்காது. சால்வை மேல் சால்வை போட்டார்கள், கழுத்தைத் திருப்ப முடியவில்லை. தூக்கி வந்த வர்க்கி பிஸ்கட்டை அடுக்கியிருந்தால் தொட்டபெட்டாவுக்குப் போட்டியாக ஒரு மலை எழும்பியிருக்கும். பேச்சி அழுதாள். நாச்சிமுத்து அழுதார். ஆனால் அழுத முகத்தில் ஒரு அவசரம் தெரிந்தது. எனக்குப் புரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் புரிந்தது. நாச்சிமுத்து, பேச்சி, பூவரசி என்று ஜீப் நிறைய ஆட்கள் காந்தல் வீட்டு வாசலில். வாழ்த்த வந்திருக்கிறார்கள் என்று ராபியா பால் வாங்க ஓடினாள்.

நாச்சிமுத்து நாற்காலி நுனியில் உட்கார்ந்தார். “சார், இப்ப நீங்க கவர்மென்ட் ஆளு இல்லையே?”

“வெள்ளிக்கிழமை சாயந்தரமே இல்லை.”

“கையெழுத்து, சீல் எல்லாம்?”

“கொடுத்தாச்சு.”

“அப்பச் சரி. கிளம்புங்க சார். உங்க மேல போட வேண்டிய கேஸைப் போட்டுட்டு வந்துரலாம்.”

ராபியா பால் பாக்கெட்டோடு வாசலிலேயே நின்றுவிட்டாள்.

விஷயம் இதுதான். உத்தரவு வந்த வாரமே ஊர் பேசி முடித்திருக்கிறது, கோர்ட்டுக்குப் போவது என்று. யாரோ ஒருவர், கேஸ் போட்டால் கல்வித் துறையோடு தலைமை ஆசிரியரையும் எதிர்த்தரப்பில் சேர்ப்பார்கள் என்று சொல்லியிருக்கிறார். சாரை எப்படிக் கூண்டில் ஏற்றுவது? பேர் சொல்லிக் கூப்பிடுவான் கோர்ட்டு டவாலி, ஊரே தலைகுனிய வேண்டும். ‘சார் ரிட்டயர் ஆகட்டும்’ என்று முடிவாகியிருக்கிறது. என் காதில் மட்டும் போடவில்லை. போட்டால் நான் சங்கடப்படுவேனாம்.

எனக்குப் பெருமைப்படுவதா தலையில் அடித்துக்கொள்வதா என்று தெரியவில்லை. இரண்டையும் செய்தேன்.

வக்கீல் பெனிஸ் குன்னூர்க்காரர். சென்னை ஹைகோர்ட்டில் கேஸ் நடத்துபவர், வாரக் கடைசியில் ஊட்டியில் ஆபீஸ் போடுவார். உத்தரவின் தேதியைப் பார்த்ததும் கண்ணாடியைக் கழற்றினார்.

“ரெண்டு வருஷம் ஆச்சே. ஏன் உடனே வரலை?”

“கேஸ் போட எத்தனை நாளுங்க கெடு?” என்றார் நாச்சிமுத்து.

“இந்த மாதிரி மனுவுக்கு இத்தனை நாள்தான்னு சட்டத்துல கெடு கிடையாது.”

“கெடுவே இல்லைன்னா நாங்க எப்படிங்க லேட்டு?”

“கெடு இல்லை. ஆனா லேட் உண்டு.”

நாச்சிமுத்து என்னைப் பார்த்தார். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

பெனிஸ் பொறுமையாகச் சொன்னார். “கவர்மென்ட் ஒரு முடிவு எடுக்குது. அதை நம்பிக் கீழ்ச்சோலையில கட்டடம் கட்டறாங்க, டீச்சரை மாத்தறாங்க, பிள்ளைங்க அங்க சேர்ந்துடறாங்க. இத்தனையும் நடக்கற வரைக்கும் சும்மா இருந்துட்டு, இப்ப வந்து எல்லாத்தையும் பழையபடி ஆக்குன்னா கோர்ட்டு கேக்கும், இத்தனை நாள் எங்க போனீங்கன்னு. அதுலயும் பள்ளிக்கூட விஷயம். ஒரு வருஷம் போனா அது போனதுதான்.”

“சும்மா இல்லைங்க” என்றாள் பேச்சி. “கலெக்டர் ஆபீஸ்ல மனு கொடுத்துக்கிட்டேதான் இருந்தோம். சார் பேரு வராம.”

“மனு கொடுத்தா காலம் நிக்காதும்மா. அது பாட்டுக்கு ஓடும்.”

இந்த இடத்தில்தான் என் சேவை தேவைப்பட்டது. “வக்கீல் சார், காரணம்தானே வேணும்? ரெண்டு வருஷமா மலைச்சரிவுன்னு எழுதுங்க. ரோடு இல்லை, பாலம் இல்லை. வக்கீல் வீட்டுக்குக் கிளம்பினவங்களை ஒரு யானைக் கூட்டம் திரும்பத் திரும்ப வீட்டுக்கே விரட்டிவிட்டதுன்னு போடுங்க. கொம்பன் ஒண்ணுக்கு நான் பேர்கூட வெச்சிருக்கேன்.”

“சத்தியம் பண்ணிக் கொடுக்கற தாள்ல நான் யானை எழுத மாட்டேன் சார்” என்றார் பெனிஸ். “உண்மையான காரணம் என்ன?”

பேச்சிதான் சொன்னாள். “சாரைப் போயி எப்படிங்க? எம் பொண்ணுக்குக் காய்ச்சல் வந்தப்ப ஜீப் புடிச்சுக் கொண்டுபோனவரு. அவரு இருக்கறப்ப போடக் கூடாதுன்னு இருந்தோம்.”

பெனிஸ் அவளையும் பார்த்தார், எதிர்த்தரப்பாகிய என்னையும் பார்த்தார். நான் அவர்கள் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து வர்க்கி தின்றுகொண்டிருந்தேன்.

“அம்மா, கேஸ் ஹபீப் முகமது மேல இல்லை. தலைமை ஆசிரியர்ங்கிற பதவி மேல. பேரே வராது. சார் ரிட்டயர் ஆகலாம், அந்த நாற்காலி ரிட்டயர் ஆகாது. ரெண்டு வருஷம் முந்தியே போட்டிருக்கலாம்.”

ஜீப் நிறைய வந்த ஜனங்கள் ஒரே சமயத்தில் மூச்சுவிட்டார்கள். மேசைமேல் இருந்த காகிதம் பறந்தது என்றால் நம்ப வேண்டும்.

பூவரசி அதுவரை சுவரோரம் நின்றிருந்தாள். அவள் குரல் எப்போதும் சின்னது. “சாருக்காக எல்லாரும் காத்திருந்தீங்க. ஒன்பதாவது எனக்காகக் காத்திருக்கலை” என்றாள்.

நான் வர்க்கியைக் கீழே வைத்தேன். பேச்சி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

நாச்சிமுத்து தொண்டையைச் செருமினார். “இப்ப அந்த நாற்காலியில யாருங்க?”

“மாலதி டீச்சர்” என்றேன். “பொறுப்பு.”

மாலதி மஞ்சக்கல்லில் தொழிலாளர்களுக்கான லைன் வீட்டிலேயே பிறந்தவள். அந்த எஸ்டேட்டின் முதல் பட்டதாரி. ஊரே சேர்ந்து படிக்க அனுப்பிய பெண்.

“அவளுக்கு எப்போ ரிட்டயர்மென்ட்?” என்றார் நாச்சிமுத்து.

பெனிஸ் எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தார்.

அன்று சாயங்காலமே மாலதியின் வீட்டில் போய் நின்றோம். அவள் இட்லிக்கு மாவு கரைத்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் கேட்டாள்.

“அண்ணா, நான் ரிட்டயர் ஆகறப்ப கலைமதியோட பொண்ணு ஒன்பதாவது வந்திருப்பா. நாளைக்கே போடுங்க. கோர்ட்டுல இருந்து நோட்டீஸ் வந்தா நானே வாங்கி மாரியம்மன் படத்துக்குக் கீழ வெச்சுக்கறேன்.”

பேச்சி பேரில் மனு போனது. இப்போது கேட்பது ஒன்றே ஒன்று. கலைமதி எட்டாவதில் இருக்கிறாள், வரும் ஜூனில் அவள் மஞ்சக்கல்லிலேயே ஒன்பதாவது உட்கார வேண்டும். காரணத்தைப் பெனிஸ் உள்ளபடியே எழுதினார், யானை இல்லாமல். கேஸுக்கு நம்பர் விழுவதற்குள் ஒரு மழைக்காலம் போய், உறைபனிக் காலமும் போய்விட்டது. தேதி வரும், தள்ளிப்போகும். ஏன் லேட்டாக வந்தீர்கள் என்று எங்களைக் கேட்பதற்கு அவர்களுக்கு இவ்வளவு நாளானது. இதைச் சொன்னபோது பெனிஸ், “இதைக் கோர்ட்டுல சொல்லிறாதீங்க” என்றார்.

ஒருவழியாக ஏப்ரலில் சென்னை. நாச்சிமுத்து ஸ்வெட்டரும் மஃப்ளருமாக இறங்கி, ஸ்டேஷன் பிளாட்பாரத்திலேயே பாதியாக உருகிவிட்டார். மீதிப் பாதியைத்தான் ஆட்டோவில் ஏற்றினோம். கோர்ட்டு உள்ளே எந்தப் பக்கம் பார்த்தாலும் ஒரே மாதிரி தாழ்வாரம், ஒரே மாதிரி கறுப்புக் கோட்டு. ஒரு கேஸைக் கூப்பிட்டதும் நாங்கள் எழுந்து பணிவாகக் கும்பிட்டோம். அது ஏதோ மீன்பிடித் துறைமுகத்தைப் பற்றியது. உட்காரச் சொன்னார்கள்.

எங்கள் முறை வந்தது. நீதிபதி ஓர் அம்மா. அரசு வக்கீல் எழுந்தார். “ரெண்டு வருஷம் தூங்கிட்டு வந்திருக்காங்க. கீழ்ச்சோலையில் புதுக் கட்டடம் எழும்பியாச்சு, லேப் வந்தாச்சு, ஆசிரியர்கள் போயாச்சு. இந்தத் தாமதத்துக்குச் சொல்லியிருக்கற காரணத்தைப் படிச்சேன். எனக்குப் புரியலை.”

“எனக்கும்” என்றார் நீதிபதி. “தலைமை ஆசிரியர் மனசு நோகக் கூடாதுன்னு காத்திருந்தாங்களா?”

“ஆமாங்க” என்றார் பெனிஸ். இங்கிலீஷிலிருந்து அவரும் தமிழுக்கு இறங்கிவிட்டார்.

“அந்தத் தலைமை ஆசிரியர் யார்?”

நான் கடைசி வரிசையில் கையைத் தூக்கினேன். வகுப்பில் பிள்ளைகள் தூக்குவார்களே, அப்படி.

“நீங்க எந்தப் பக்கம்?”

“அதுதாங்கம்மா எனக்கும் தெரியலை. என் மேல போட வேண்டிய கேஸ். என்னையே டிக்கெட் எடுத்துக் கூட்டிக்கிட்டு வந்திருக்காங்க.”

அரசு வக்கீல் தாளைத் தூக்கி முகத்தை மறைத்துக்கொண்டார். நீதிபதி சிரிக்கவில்லை. பேச்சியைப் பார்த்து, “மூத்த பொண்ணு என்ன பண்றா?” என்றார்.

“வீட்டுல இருக்காங்க.”

அவர் கொஞ்ச நேரம் ஃபைலைப் புரட்டினார். பிறகு சொன்னதைப் பெனிஸ் வெளியே வந்து எங்களுக்கு விளக்கினார். விளக்க விளக்கக் குழப்பம் கூடியது. தாமதம் தாமதம்தான், மரியாதைக்காக என்றாலும். கட்டிய கட்டடத்தை, மாறிய ஆசிரியர்களை இனித் தொட முடியாது. உத்தரவு அப்படியே இருக்கும். ஆனால் வழி ஆபத்தானது என்று பேச்சி துறைக்குப் புதிதாக ஒரு மனு கொடுக்கலாம். அதிகாரி வழியை நேரில் பார்த்து எட்டு வாரத்துக்குள் முடிவு சொல்ல வேண்டும். முடிவு சொல்லும்வரை கலைமதியும் அவளை மாதிரிப் பிள்ளைகளும் மஞ்சக்கல்லிலேயே ஒன்பதாவது உட்காரலாம்.

“அப்ப மனு கொடுத்ததால லேட்டாயிப் போன நம்மளை மறுபடியும் மனு கொடுக்கச் சொல்றாங்களா?” என்றார் நாச்சிமுத்து.

“ஆமா.”

“ஜெயிச்சோமா, தோத்தோமா?”

பெனிஸ் யோசித்தார். “தோத்துட்டோம். ஆனா ஜூன்ல ஸ்கூலுக்குப் போகலாம்.”

மேட்டுப்பாளையத்திலிருந்து பஸ் ஏறும்போது பேச்சி ஜன்னலோரம் உட்கார்ந்து தனக்குள் சொல்லிக்கொண்டே வந்தாள், “தோத்துட்டோம், ஆனா போகலாம். தோத்துட்டோம், ஆனா போகலாம்.” கொண்டைஊசி வளைவுகளில் அந்தப் பக்கம் சாய்ந்தால் தோல்வி, இந்தப் பக்கம் சாய்ந்தால் வெற்றி. ஊட்டி வந்து சேர்ந்தபோது யாருக்கும் தலை நிற்கவில்லை.

மனு கொடுத்தோம். ஜூனில், சாமான் போட்டு வைத்திருந்த பழைய லேப் அறையை மாலதி திறந்தாள். கலைமதி முதல் பெஞ்சில் உட்கார்ந்தாள், அவளோடு இன்னும் சிலர். கணக்கு மாலதி எடுத்தாள். சம்பளமில்லாமல் தமிழ் எடுக்க ஒரு கிழவன் காந்தலிலிருந்து தினமும் பஸ் ஏறினான். ராபியா, “ரெண்டு வருஷம் காத்திருந்து அனுப்பினாங்க, ரெண்டு மாசத்துல திரும்பிட்டீங்க” என்று சிரித்தாள். ஒரு வருஷம் ஆகிவிட்டது என்றேன். அவளுக்குக் கணக்கு வராது என்று சொல்லவில்லை.

எட்டு வாரம் போனது. பத்தும் போனது. அதிகாரி வரவில்லை, முடிவும் வரவில்லை. பெனிஸ் போன் செய்தார். “கோர்ட்டு சொன்ன கெடு தாண்டிடுச்சு. அவமதிப்பு மனு போட்டுரலாமா?”

டீக்கடையில் போனை ஸ்பீக்கரில் வைத்திருந்தேன். நாச்சிமுத்து டீயை நீளமாக ஆற்றினார். “எதுக்குங்க பாவம்? அவங்களுக்கு என்னென்ன வேலையோ.”

“முடிவு சொல்லாத வரைக்கும் கலைமதி ஒன்பதாவதுல இருக்காளா இல்லையா?” என்றேன் நான்.

“சார்,” என்றார் பெனிஸ், “இது எந்தச் சட்டப் புத்தகத்துலயும் இல்லை.”

ஆனாலும் ஒரு மரியாதைக்காக ஊட்டியில் கல்வித் துறை ஆபீஸுக்குப் போனேன். அதிகாரி என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றார். கீழே இருந்து அறிக்கை வர வேண்டும், மேலே அனுப்ப வேண்டும், ஜீப்புக்கு டிரைவர் இல்லை, தாமதத்துக்கு மன்னிக்க வேண்டும் என்றார். நான் அவர் தோளைத் தட்டினேன். “நிதானமாப் பண்ணுங்க. அவசரத்துல எடுத்த முடிவுதானே எல்லாப் பிரச்சினைக்கும் காரணம். மழை விடட்டும். பனி விடட்டும். அந்த வழியில காட்டெருமைங்க வேற, பஸ் உசரத்துக்கு.” கடைசியில் சொன்னதில் கொஞ்சம் கூட்டியிருக்கலாம். அவர் கண் கலங்கி எனக்கு டீ வாங்கிக் கொடுத்தார். வெளியே வரும்போது பியூன் சொன்னார், அந்த அதிகாரிக்கு அடுத்த பள்ளி வருஷக் கடைசியில் ரிட்டயர்மென்டாம்.

மஞ்சக்கல்லில் இதைச் சொன்னதும் நாச்சிமுத்துவின் முகம் மலர்ந்தது. “அப்ப கலைமதி பத்தாவது பரிச்சையே எழுதிருவா. நல்ல மனுஷன். அவரைப் போயித் தொந்தரவு பண்ணக் கூடாது. ரிட்டயர் ஆகட்டும்.”

கடை முழுக்கச் சிரிப்பு. டீக்கு வந்திருந்த பூவரசி சிரிக்கவில்லை.

“ஒன்பதாவது இங்க வேண்டாம்னு நாளைக்கே முடிவு வந்துருச்சுன்னா?” என்று கேட்டாள். “வந்த அன்னிக்கே வக்கீலுக்குப் போன் போகணும். யாரு எப்ப ரிட்டயர் ஆகறாங்கன்னு கேட்டுக்கிட்டு இருக்கக் கூடாது. நம்பர் என்கிட்ட இருக்கு. நான் போட்டுருவேன்.”

நாச்சிமுத்து டீ கிளாஸைக் கழுவத் தொடங்கினார். அது ஏற்கனவே கழுவியதுதான்.

வெளியே வந்து அவளோடு நடந்தேன். பனி இறங்கிக்கொண்டிருந்தது. பத்தாம் வகுப்புப் பரீட்சையைப் பள்ளிக்கூடம் போகாமல் தனியாகவே எழுதலாம் என்று அவளிடம் சொல்ல ரொம்ப நாளாக நினைத்திருந்தேன். வார்த்தைகளையெல்லாம் ஜோடித்து வைத்திருந்தேன். மழை விடட்டும், கொழுந்து சீசன் முடியட்டும், ஒரு நல்ல நாளாகப் பார்த்து விண்ணப்பம் போடலாம் என்று ஆரம்பித்தேன்.

“சார்,” என்றாள் பூவரசி, “நான் போன வாரமே போட்டுட்டேன்.”

சொல்லிவிட்டுப் பனிக்குள் போய்விட்டாள். எனக்கு அவளும் தெரியவில்லை, வழியும் தெரியவில்லை. மாலதி வகுப்பெடுக்கும் சத்தம் எங்கிருந்தோ கேட்டது. அதைப் பிடித்துக்கொண்டு நடந்தேன்.